மத்தேயுவுக்குப் பின்னால் மோசே

மத்தேயு நற்செய்தியின் 2-ஆம் அதிகாரத்தை வாசிக்கும்போதெல்லாம் யாத்திராகமத்தையும் பக்கத்தில் விரித்து வைத்துக்கொள்வேன். பார்வோன் எபிரேய ஆண் குழந்தைகளைக் கொல்லச் சொல்கிறான், மோசே தப்புகிறார். ஏரோது பெத்லகேம் குழந்தைகளைக் கொல்கிறான், இயேசு தப்புகிறார்.

எகிப்திலிருந்து மகனை அழைத்ததாக ஓசியா 11:1 சொல்வது இஸ்ரவேலரின் விடுதலையை. மத்தேயு அதைக் குழந்தை இயேசுவுக்குப் பொருத்துகிறார். இது அவர் புதிதாகக் கண்ட வழியல்ல. சாக்கடலருகே கும்ரான் குகையில் 1947-இல் கிடைத்த ஆபகூக் உரைச்சுருள், அந்தத் தீர்க்கதரிசியின் வரிகளை ஒவ்வொன்றாக எடுத்து, அதை எழுதியவர்களின் காலத்தையே அவை குறிப்பதாக விளக்குகிறது. பழைய வசனத்தில் நிகழ்காலத்தைக் காண்பது யூத வாசிப்பு மரபு. மத்தேயு அந்த மரபில் நின்றே எழுதினார்.

ஆகவே, நற்செய்தியின் அடிக்குறிப்பில் பழைய ஏற்பாட்டு வசன எண்ணைக் கண்டால் தாண்டிப் போகாதீர்கள். அந்த அதிகாரம் முழுவதையும் எடுத்துப் படியுங்கள்.