லிஸ்பனில் மூணு மணி நேரம்: தனி கைடு வைப்பது வீண் செலவா?

(இந்த எபிசோடின் பேச்சை, படிக்க வசதியாகக் கொஞ்சம் திருத்தி இங்கே கொடுத்திருக்கிறோம்.)

ஐரோப்பா கிளம்புறவங்க எங்கிட்ட அடிக்கடி கேட்கிற கேள்வி ஒண்ணு உண்டு. "தனியா ஒரு கைடு வெச்சுக்கணுமா? போன்லயே எல்லாம் இருக்கே, எதுக்கு வீண் செலவு?" நானும் ரொம்ப நாள் அந்தக் கட்சிதான். போன வருஷம் அம்மாவோட லிஸ்பன் போனப்பத்தான் கட்சி மாறினேன். அதுவும் முதல் நாள் பட்ட பாட்டுக்கு அப்புறம்.

அம்மாவுக்கு 68 வயசு, முட்டி வலி வேற. லிஸ்பனோ மேடும் பள்ளமுமான ஊர். நடைபாதை முழுக்கச் சின்னச் சின்ன வெள்ளைச் சுண்ணாம்புக் கல்லாகப் பாவியிருப்பார்கள். நடுவில் கறுப்புக் கல்லில் அலை அலையாகக் கோலம். பார்க்க அழகு, ஆனால் பல வருஷம் கால் பட்டுத் தேய்ந்து கண்ணாடி மாதிரி ஆகியிருக்கும். தூறல் போட்டால் வழுக்கும்.

முதல் நாள் ஒரு குழு நடையில் சேர்ந்தோம். முப்பது பேருக்கு மேல் இருந்தார்கள். அல்ஃபாமா என்கிற பழைய பகுதிக்குள் போனோம். அரபுக்காரர்கள் ஆண்ட காலத்துப் பெயர் அது, வெந்நீர் ஊற்றைக் குறிக்கிற அரபுச் சொல்லிலிருந்து வந்தது. சந்தெல்லாம் படிக்கட்டு. மூணாவது படிக்கட்டில் அம்மா உட்கார்ந்துட்டாங்க. குடையைத் தூக்கிப் பிடிச்சுக்கிட்டு முன்னால போன கைடு திரும்பிப் பார்க்கலை. அவரைக் குத்தம் சொல்லவும் மனசு வரலை, ரெண்டு பேருக்காக முப்பது பேரை நிறுத்த முடியுமா? காதில் மாட்டியிருந்த கருவியில் அவர் குரல் கொஞ்ச நேரம் கரகரன்னு கேட்டுது, அப்புறம் அறுந்துபோச்சு. அம்மா சொன்னாங்க: "நீ போய்ப் பாத்துட்டு வாடி, நான் இங்கயே இருக்கேன். எனக்கு என்ன புரியப்போகுது?"

அந்தக் கடைசி வார்த்தைதான் என்னைச் சுட்டுது. அன்னைக்கு ராத்திரியே ஒரு தனி கைடைத் தேடிப் பதிவு பண்ணினேன்.

காசு விஷயத்தை முதல்லயே சொல்லிடறேன். எங்க ரெண்டு பேருக்கும் சேர்த்து மூணு மணி நேரத்துக்கு 160 யூரோ. பெரும்பாலும் தனி நடைக்குக் கட்டணம் தலைக்கு இவ்வளவுன்னு இருக்காது, நடைக்கு இவ்வளவுன்னுதான் இருக்கும். ஆக, ரெண்டு பேருக்கு அது கையைக் கடிக்கும். ஆறு பேர் கொண்ட குடும்பம்னா குழு நடை விலைக்கே வந்துடும். "இலவச நடை"ன்னு விளம்பரம் வருமே, அது வேற கணக்கு. கடைசியில் நீங்க கொடுக்கிற டிப்ஸ்தான் அவங்க கூலி. பல இடங்களில் கைடு தலைக்கு இவ்வளவுன்னு நடத்துறவங்களுக்குக் கட்டவும் வேண்டியிருக்கும். அதனால் அங்கே பாதியில் நழுவிடாதீங்க, பாவம்.

பதிவு பண்ணின ஒரு மணி நேரத்தில் அந்த அம்மாகிட்டயிருந்து ஒரு செய்தி. (பேர் சொல்லலை, அவங்ககிட்ட நான் அனுமதி கேட்கலை.) "உங்கள் அம்மாவுக்கு ஏறுவது கஷ்டமா, இறங்குவது கஷ்டமா?"

அம்மாகிட்ட கேட்டேன். "இறங்குறதுதான்டி உயிர் போகுது"ன்னாங்க. இத்தனை வருஷம் கூடவே இருக்கேன், எனக்குத் தெரியாது! மேலே டாக்ஸியில் போய் அங்கிருந்து இறங்கி வரலாம்னு நான் போட்டு வெச்சிருந்த திட்டம் அங்கேயே செத்துது.

அடுத்த கேள்வி, அம்மா என்ன வேலை செய்தார்கள் என்பது. மதுரையில் எங்க தாத்தாவோட மளிகைக் கடையில் முப்பது வருஷம் கணக்கு எழுதினாங்கன்னு பதில் போட்டேன். இதெல்லாம் எதுக்குக் கேட்கிறாங்கன்னு அப்போ புரியலை.

காலை 9 மணிக்கு ரோசியோ சதுக்கத்தில் சந்தித்தோம். முதலில் கூட்டிப்போனது பக்கத்திலேயே இருக்கிற சாவ் டொமிங்கோஸ் தேவாலயத்துக்கு. முந்தின நாள் குழுவோடு இதே வாசலைக் கடந்துதான் போனோம். அந்தக் கைடு எங்களுக்குக் காட்டியது எதிரில் புளிப்புச் செர்ரி மது விற்கிற கடையை மட்டும்தான்.

உள்ளே போனால் திக்கென்றிருக்கும். 1959-ல் பெரிய தீ விபத்து நடந்த இடம். தூண்களெல்லாம் வெடித்து, செதில் செதிலாகப் பெயர்ந்து நிற்கின்றன. திரும்பக் கட்டியபோது அந்தக் காயங்களை மறைக்காமல் விட்டுவிட்டார்கள். கைடு எங்களை ஒரு பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு, "இங்கே ஒரு கெட்ட கதை இருக்கிறது. சொல்லட்டுமா, வேண்டாமா?" என்று கேட்டார். அம்மா தலையை ஆட்டினாங்க.

கதை இதுதான். 1497-ல் மன்னர் மானுவல் நாட்டிலிருந்த யூதர்களைக் கட்டாயமாக மதம் மாற்றினார். மாறியவர்களைப் 'புதுக் கிறிஸ்தவர்' என்று தனியாகவே வைத்திருந்தார்கள். 1506 ஏப்ரலில் ஊரில் கொள்ளைநோய். இந்தத் தேவாலயத்தில் கூடியிருந்த கூட்டம் சிலுவையில் ஓர் ஒளியைப் பார்த்து அற்புதம் என்றது. ஒரு புதுக் கிறிஸ்தவர் மட்டும், அது மெழுகுவத்தி வெளிச்சம் பட்டதாக இருக்கலாம் என்கிற மாதிரி ஏதோ சொல்லிவிட்டார். அவரை வெளியே இழுத்துப்போய்க் கொன்றார்கள். அதோடு நிற்கவில்லை. மூன்று நாள் ஊர் முழுக்க வேட்டை, 2,000 பேர் அளவில் செத்ததாகப் பழைய பதிவுகள் சொல்கின்றன. கொள்ளைநோய்க்குப் பயந்து மன்னர் ஊரிலேயே இல்லை. பின்னால் தூண்டிவிட்டவர்கள் பலரைத் தூக்கிலிட்டார், அதில் இரண்டு துறவிகளும் உண்டு. கொலை நடந்த சதுக்கத்தில் நினைவுக்கல் வைத்தது 2008-ல்தான்.

நான் வாக்கியம் வாக்கியமாகத் தமிழில் சொல்லச் சொல்ல அம்மா கேட்டுக்கிட்டே இருந்தாங்க. எழுந்து போகும்போது ஒரு தூணைத் தொட்டுப் பார்த்தாங்க. ஒண்ணும் பேசலை.

இங்கே ஒரு நடைமுறை விஷயம். வீட்டுப் பெரியவங்களுக்கு நீங்க மொழிபெயர்க்கணும்னா அதை முன்கூட்டியே கைடுகிட்ட சொல்லிடுங்க. ஏன்னா மூணு மணி நேரம் கிட்டத்தட்ட ஒண்ணரை மணி நேரமாகச் சுருங்கிடும். எங்க கைடு அதுக்காகப் பார்க்கிற இடங்களைப் பாதியாக் குறைச்சிருந்தாங்க. சின்னச் சின்ன வாக்கியமாகச் சொல்லிட்டு நிறுத்தினாங்க. எத்தனை இடம் காட்டுவாங்கன்னு எண்ணிப் பார்த்துப் பதிவு பண்றவங்க இதைக் கொஞ்சம் யோசிங்க.

அங்கிருந்து பாய்ஷா. ரெண்டு பக்கமும் குன்று, நடுவில் சமதளம். முட்டி வலிக்காரங்களுக்குச் சொர்க்கம். தெருவெல்லாம் நூல் பிடிச்ச மாதிரி நேர்கோட்டில் இருக்கும். தங்கத் தெரு, வெள்ளித் தெரு, செருப்புத் தைப்பவர் தெரு என்று தொழிலை வைத்துப் பெயர். நம்ம மதுரையில் இல்லையா வெத்தலைப் பேட்டை, வளையல்காரத் தெரு, அந்த மாதிரிதான்னு அம்மாவுக்குச் சொன்னேன்.

ஏன் இவ்வளவு ஒழுங்கு? பழைய ஊர் அழிந்ததால்தான். 1755 நவம்பர் 1, புனிதர் அனைவர் திருநாள். காலையில் ஜனங்கள் தேவாலயங்களில் நிறைந்திருந்த நேரம் பூமி அதிர்ந்தது. இடிபாட்டுக்குப் பயந்து ஆற்றங்கரைத் திறந்தவெளிக்கு ஓடினார்கள். தண்ணீர் பின்வாங்கி, அப்புறம் அலையாகத் திரும்பி வந்தது. இதைச் சொன்னபோது நான் மொழிபெயர்க்கவே தேவைப்படலை. கை ஜாடையிலேயே அம்மாவுக்குப் புரிஞ்சுது. "2004 மாதிரியா?"ன்னு கேட்டாங்க. ஆமா, அதே மாதிரி. அதுக்கப்புறம் திருநாளுக்கு ஏற்றிய மெழுகுவத்திகளும் அடுப்புகளும் சரிந்து பிடித்த தீ நாள் கணக்கில் எரிந்தது.

மன்னர் முதலாம் ஜோசே உயிர் தப்பினார், ஆனால் அதன் பிறகு கல் கட்டடத்துக்குள் தூங்கவே மாட்டேன் என்றுவிட்டார். மேட்டில் கூடாரமும் மரக் கட்டடமுமாக ஓர் அரண்மனை போட்டுக் கடைசிவரை அங்கேயே இருந்தார். ஊரைத் திரும்பக் கட்டும் பொறுப்பு, பின்னால் பொம்பால் பிரபு என்று பட்டம் பெற்ற அமைச்சரிடம் போனது. ஈர மண்ணில் மர முளைகளை அடித்து அதன்மேல் கட்டடம். சுவருக்குள்ளே குறுக்குச் சட்டங்கள் வைத்த மரக்கூண்டு. குலுங்கினால் கூண்டு நெளியும், உடையாது என்பது கணக்கு. மாதிரிக் கூண்டைச் சுற்றிச் சிப்பாய்களை உரக்க நடக்கவிட்டுச் சோதித்தார்கள் என்று சொல்வார்கள். இன்னொன்றும் செய்தார். நாட்டின் ஒவ்வொரு பங்குக்கும் கேள்வித்தாள் அனுப்பினார். எவ்வளவு நேரம் அதிர்ந்தது? கடல் முதலில் ஏறியதா, இறங்கியதா? எத்தனை பேர் செத்தார்கள்? அந்தப் பதில்கள் பலவும் இன்றும் ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன.

தெரு முடிகிற இடத்தில் வளைவு. அதைத் தாண்டினால் ஆற்றைப் பார்த்துத் திறந்து கிடக்கிற பெரிய சதுக்கம். இப்போதைய பெயர் பிராசா டோ கொமெர்சியோ, வணிகச் சதுக்கம். ஊர்க்காரர்கள் இன்னமும் 'அரண்மனைத் திடல்' என்றும் சொல்கிறார்கள், இடிந்துபோன அரண்மனையின் நினைவாக. இங்கே நின்றுதான் கைடு அம்மாவைப் பார்த்துச் சொன்னார்: "உங்களுக்காக வைத்திருந்த இடம் இது. அரண்மனையை ஒட்டி இந்தியா மாளிகை இருந்தது. உங்கள் பக்கத்து மிளகெல்லாம் இங்கேதான் வந்து இறங்கியது. கணக்கு எழுதினார்கள், கிடங்கில் அடுக்கினார்கள், மன்னர் பேரில் விற்றார்கள். அந்தக் கணக்குப் புத்தகங்கள் 1755-ல் போய்விட்டன."

அம்மாவுக்கு முகம் மாறிடுச்சு. "ராஜாவே மளிகைக் கடை வெச்சிருந்தாரா?"ன்னு கேட்டாங்க. நான் மொழிபெயர்த்தேன். கைடு விழுந்து விழுந்து சிரிச்சாங்க. ஆனா உண்மையும் அதுதானே. மிளகு வியாபாரம் மன்னரின் தனியுரிமை.

அப்போதான் நான் ரெண்டு நாளா மனசில் வெச்சிருந்ததைக் கேட்டேன். "எல்லாரும் 'கண்டுபிடிப்புக் காலம்'னு சொல்றீங்க. நாங்களும் மிளகும் அங்கேயேதானே இருந்தோம்? எங்களை யார் கண்டுபிடிச்சாங்க?" குழுவில் நின்றுகொண்டு இதைக் கேட்டிருக்க மாட்டேன், கூச்சமாக இருந்திருக்கும். அவங்க கோபப்படலை. கொஞ்ச நேரம் ஆத்தைப் பார்த்தாங்க. "பள்ளியில் எனக்குச் சொல்லித்தந்த வார்த்தை அது. இப்போது இங்கேயே அதைப் பற்றிச் சண்டை நடக்கிறது. நீங்கள் எந்த வார்த்தையைச் சொல்வீர்கள்?"

எனக்குப் பதில் வரலை. அம்மாதான் சொன்னாங்க: "வந்தாங்கன்னு சொல்லு. வந்தாங்க, அவ்வளவுதானே?"

அதுக்கப்புறம் அவங்க தானாகவே ஒண்ணு சொன்னாங்க. வாஸ்கோ ட காமா 1498-ல் கோழிக்கோடு வந்தது எல்லாருக்கும் தெரியும். இரண்டாவது பயணத்தில், 1502-ல், மெக்காவிலிருந்து திரும்பிக்கொண்டிருந்த யாத்ரீகர் கப்பல் ஒன்றை மலபார்க் கரையோரம் மறித்தார். பெண்களும் குழந்தைகளுமாக நூற்றுக்கணக்கானவர்கள் இருந்த கப்பல். சரக்கை எடுத்துக்கொண்டு, ஆட்களோடு கப்பலுக்குத் தீ வைத்தார். கூடப்போன போர்ச்சுகீசியர் ஒருவரே அதை எழுதி வைத்திருக்கிறார். "யாராவது கேட்டால்தான் இதைச் சொல்வேன்"னாங்க கைடு.

அதைக் கேட்டப்புறம்தான் எனக்கு இந்த 160 யூரோ எதுக்குன்னு விளங்கிச்சு. அவங்களுக்குத் தெரிந்த ஊர் ரெண்டு இருக்கு. ஒண்ணு எல்லாருக்கும் காட்டுறது, இன்னொண்ணு கேட்டால் மட்டும் காட்டுறது. கேள்வியே இல்லாமல் போனா, முதல் ஊரையே கொஞ்சம் கூடுதல் விலைக்குப் பார்த்துட்டு வருவீங்க. மாலையில் கிளம்புறதுக்கு முன்னால் ரெண்டு கேள்வியாவது துண்டுக் காகிதத்தில் எழுதி வெச்சுக்கோங்க. 'இது வேண்டாம், அதைக் காட்டுங்க'ன்னு சொல்லவும் தயங்காதீங்க.

பதிலுக்கு நானும் ஒண்ணு கொடுத்தேன். அச்சில் வந்த முதல் தமிழ்ப் புத்தகம் அவங்க ஊரில்தான் வந்தது. 1554, லிஸ்பன். தமிழைப் போர்ச்சுகீசிய எழுத்தில் எழுதி அச்சடித்த கிறிஸ்தவ மறைநூல். தமிழ் எழுத்திலேயே அச்சு வந்தது அதுக்கப்புறம் 1578-ல், கொல்லத்தில். அவங்களுக்கு இது தெரியாது. கைப்பையிலிருந்து நோட்டை எடுத்துக் குறிச்சுக்கிட்டாங்க.

கடைசி இடம் கார்மோ, அது மேட்டில் இருக்கு. 1902-ல் திறந்த இரும்பு லிஃப்ட் ஒண்ணு இருக்கு, ஆனா எப்பவும் நீளமான வரிசை. கைடு எங்களை பாய்ஷா-ஷியாடோ மெட்ரோ நிலையத்துக்குள் கூட்டிப்போனாங்க. ரயில் ஏற இல்லை. அங்கே இருக்கிற நகரும் படிக்கட்டில் அடுக்கடுக்காக ஏறினா மேட்டிலேயே வெளியே வந்துடலாம்! உள்ளூர்க்காரங்க வழி அது.

கார்மோ மடத்துத் தேவாலயம் 1389-ல் தொடங்கியது. நிலநடுக்கத்தில் கூரை போய், வளைவுகள் மட்டும் வானத்துக்கு எதிரே விலா எலும்பு மாதிரி நிற்கின்றன. "ஏன் கூரை போடலை?"ன்னு அம்மா கேட்டாங்க. போடத்தான் ஆரம்பித்தார்கள். 1834-ல் நாட்டிலிருந்த மடங்களையெல்லாம் அரசு கலைத்ததும் வேலை நின்றது. அதற்குள் இடிபாட்டையே ரசிக்கிற காலமும் வந்துவிட்டது. அப்படியே விட்டு, உள்ளே அருங்காட்சியகம் வைத்துவிட்டார்கள். வெளியே இருக்கிற சின்னச் சதுக்கத்தில்தான் 1974 ஏப்ரல் 25 அன்று சர்வாதிகார ஆட்சியின் கடைசிப் பிரதமர் சரணடைந்தார். இதை நான் வேகமாகச் சொல்றேன், ஏன்னா அன்னைக்கு எங்களுக்கும் நேரம் முடிஞ்சுபோச்சு.

மர நிழலில் உட்கார்ந்து காபி குடிச்சோம். கைடு கிளம்பும்போது அம்மா அவங்க கையைப் பிடிச்சுக்கிட்டு என்கிட்ட சொன்னாங்க: "நேத்து நான் உக்காந்த படிக்கட்டு இருக்கே, அங்க என்ன இருந்துச்சுன்னு கேளு." கேட்டேன். அந்தத் தெரு பாறை மேல் நிற்கிறதாம், அதனால்தான் 1755-ல் அந்தப் பக்கம் பெரும்பாலும் தப்பிச்சது. அம்மா உட்கார்ந்த மாதிரி சந்து அமைப்பு அதற்கு முந்தினது.

மறுநாள் சின்னப் பஸ் ஒண்ணைப் பிடிச்சு அதே இடத்துக்குக் கிட்டப் போனோம். அம்மா அதே படியில் உட்கார்ந்து ஆரஞ்சுப் பழம் உரிச்சாங்க. முப்பது பேரோட ஒரு குடை எங்களைத் தாண்டிப் போச்சு.