பணிநீக்க ஆணையில் யார் கையெழுத்து?

நியாயவிலைக் கடையில் பில் போடும் விற்பனையாளரையும், தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தில் நகைக்கடன் வழங்கும் செயலாளரையும் அரசு ஊழியர் என்றே பொதுமக்களில் பலர் கருதுகின்றனர். ஆனால், சங்கத்தால் நியமிக்கப்பட்டுச் சங்கத்தின் நிதியிலிருந்து சம்பளம் பெறும் எவரும் சட்டத்தின் பார்வையில் அந்தச் சங்கத்தின் ஊழியரே ஆவர். அரசு ஊழியரை எளிதில் பணிநீக்கம் செய்யவிடாமல் காக்கும் அரசியலமைப்பின் 311-ஆவது பிரிவு இவர்களுக்குப் பொருந்தாது. அதனால் இவர்களை யாரும் எப்படியும் வெளியேற்றிவிடலாம் என்பதும் இல்லை. தண்டிக்கும் அதிகாரம் யாரிடம் இருக்கிறது, அது எவ்வாறு செலுத்தப்பட வேண்டும் என்பவற்றைக் கூட்டுறவுச் சட்டமும் தொழிலாளர் சட்டங்களும் சேர்ந்தே முடிவு செய்கின்றன.

தமிழ்நாட்டில் இதற்கு அடிப்படையாக இருப்பவை 1983-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டமும் 1988-ஆம் ஆண்டின் விதிகளுமாகும். அவ்விதிகளுள் 149-ஆவது விதி ஊழியர்களின் பணி நிலைமைகளைப் பற்றியது. அதையொட்டி ஒவ்வொரு சங்கமும் தனக்கென வகுத்துக்கொள்ளும் துணைவிதிகளில், எந்தக் குற்றத்துக்கு என்ன தண்டனை, அதை விதிப்பவர் யார், மேல்முறையீடு யாரிடம் என்பன இடம்பெறுகின்றன. சங்கத்தின் துணைவிதிகள் சட்டத்துக்குரிய வலிமை உடையவை அல்ல, சங்கத்தின் உள் ஏற்பாடுகளே என்று உச்ச நீதிமன்றம் 1969-இல் ஐதராபாத் தொழில் தீர்ப்பாயம் தொடர்பான கூட்டுறவு மத்திய வங்கி வழக்கில் கூறியது. ஆயினும் தான் வகுத்த நடைமுறையைத் தானே மீறிவிட்டு, அந்த ஆணை நிற்க வேண்டும் என்று எந்தச் சங்கமும் எதிர்பார்க்க முடியாது.

நியமிக்கும் அதிகாரம் உடையவரே நீக்கும் அதிகாரமும் உடையவர் என்பது பொது நெறி. சங்கத்தில் அந்த அதிகாரம் பொதுவாக நிர்வாகக் குழுவுக்கு உரியது. தேர்ந்தெடுக்கப்பட்ட குழு இல்லாத காலத்தில் அதன் இடத்தில் அமர்த்தப்படும் செயலாட்சியருக்கு உரியது. குழுவின் தீர்மானமோ துணைவிதியின் இசைவோ இல்லாமல், தலைவர் தாமாகவே கையெழுத்திட்டு ஒருவரை வெளியேற்றினால், குற்றம் எவ்வளவு பெரியதாயினும் அந்த ஆணை முதல் கேள்வியிலேயே தடுமாறிவிடும்.

சிக்கல் மிகுவது கூட்டுறவுத் துறை அலுவலர்கள் உள்ளே வரும்போதுதான். சட்டத்தின் 81-ஆவது பிரிவின்கீழ் விசாரணையும் 82-ஆவது பிரிவின்கீழ் ஆய்வும் நடத்தவும், இழப்பு ஏற்படுத்தியவரிடமிருந்து 87-ஆவது பிரிவின்கீழ் தண்டத்தீர்வை வசூலிக்கவும் பதிவாளருக்கு அதிகாரம் உண்டு. இணைப்பதிவாளர்களும் துணைப்பதிவாளர்களும் அவர் பெயரால் இதைச் செலுத்துகின்றனர். போலி நகையை வைத்துக் கடன் வழங்கியதோ, இருப்பில் அரிசி குறைந்ததோ பெரும்பாலும் இவர்களின் ஆய்வில்தான் வெளிப்படுகிறது. அது நியாயமான கண்காணிப்பே. ஆனால், ஒருவரை நீக்கும்படி மேலிருந்து கடிதம் வர, குழு அதை அப்படியே ஆணையாக்கி அனுப்பும்போது முடிவெடுத்தவர் யார் என்ற கேள்வி எழுகிறது; அதிகாரம் பெற்றவர் பிறர் சொற்படி நடக்காமல் தம் மனத்தைச் செலுத்தியே முடிவெடுக்க வேண்டும் என்பது நிர்வாகச் சட்டத்தின் பழைய நெறி. தண்டத்தீர்வை இழந்த பணத்தை மீட்பதற்கானது, பணிநீக்கம் ஒழுங்கு நடவடிக்கை. சங்கத்தின் நிலையை ஆராயும் 81-ஆவது பிரிவு அறிக்கை, ஊழியருக்கு எதிரான உள்விசாரணைக்கு மாற்றாகிவிடாது.

உள்விசாரணையின் படிகள் புதியவை அல்ல: குற்றச்சாட்டுக் குறிப்பாணை, விளக்கம் தர அவகாசம், சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்யும் வாய்ப்பு. தண்டனை முடிவாகும் முன் விசாரணை அறிக்கையின் நகலை ஊழியருக்கு வழங்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு 1993-இல் தீர்ப்பளித்தது. பணியிடை நீக்கக் காலத்தில் பிழைப்பூதியம் தராமல் இழுத்தடிப்பதும் தவறு. 1981-ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுச் சட்டம் முதல் 90 நாட்களுக்கு ஊதியத்தில் 50 விழுக்காடும், அடுத்து 180 நாள் வரை 75 விழுக்காடும், அதன்பின் முழு ஊதியமும் தரச் சொல்கிறது. கையாடல் செய்தவருக்கு இத்தனை சலுகையா என்று உறுப்பினர்கள் சலித்துக்கொள்வது உண்டு. இவற்றைத் தவிர்த்ததால் ரத்தாகும் ஆணையே, உண்மையில் கையாடியவருக்குக் கிடைக்கும் பெரிய சலுகை.

நீக்கப்பட்டவர் எங்கே முறையிடுவது? சங்கத் தாவாக்களைப் பதிவாளரிடம் கொண்டுசெல்லும் 90-ஆவது பிரிவு, சம்பளம் பெறும் ஊழியர்மீதான ஒழுங்கு நடவடிக்கையை வெளிப்படையாகவே விலக்கிவிட்டது. துணைவிதிப்படியான மேல்முறையீடு, 153-ஆவது பிரிவின்கீழ்ச் சீராய்வு, தொழிலாளர் நீதிமன்றம், கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தின் 41-ஆவது பிரிவு ஆகியன எஞ்சிய வழிகள்; இவற்றுள் தொழிலாளர் நீதிமன்றத்தின் கதவு, மேலாளர் நிலையில் இருப்பவருக்குத் திறக்காமல் போகக்கூடும். கூட்டுறவுச் சங்கத்துக்கு எதிராக நீதிப்பேராணை பொதுவாகச் செல்லாது, விதிவிலக்கான சூழல்களில் மட்டுமே செல்லும் என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு 2006-இல் கூறியிருப்பதால், பணிநீக்க ஆணையைக் கையில் வாங்கிய ஊழியர் நேரே உயர் நீதிமன்றத்துக்கு விரைவதற்கு முன், தம் சங்கத்தின் துணைவிதி நகலைப் பெற்று, கையெழுத்திட்டவருக்கு அந்த அதிகாரம் இருந்ததா என்று பார்த்துக்கொள்வது நல்லது.