ஜப்பான்காரர் பாடம் படித்தது மளிகைக் கடையில்!

ஸ்ரீபெரும்புதூர் – ஒரகடம் வட்டாரத்தில் கடை நடத்தும் நம் வணிக அன்பர்களுக்கு ஜப்பான் ஒன்றும் எட்டாத தேசம் அல்ல. இருங்காட்டுக்கோட்டையில் கொரியாவின் ஹூண்டாய் நிறுவனம் 1998-ல் கார்களை வெளியிடத் தொடங்கியது. ஒரகடத்தில் 2010-ல் ரெனோ – நிசான் தொழிற்சாலை திறக்கப்பட்டது. ஜப்பானின் கோமட்சு நிறுவனமும் அங்கேதான் கனரக இயந்திரங்களைத் தயாரிக்கிறது. வல்லம் வடகாலில் 2015 முதல் யமஹா இருசக்கர வாகனங்கள் தயாராகின்றன. ஷிப்டு முடிந்து வரும் பிள்ளைகள் நம் கடைகளில்தான் அரிசி, பருப்பு, சோப்பு வாங்குகிறார்கள். அவர்கள் 'கைசன்', 'கான்பன்' என்று பேசிக்கொள்வது நம் காதிலும் விழுகிறது.

இந்தச் சொற்களை உலகெங்கும் பரப்பியவை சில புத்தகங்கள். டொயோட்டாவின் பொறியாளர் டாயிச்சி ஓனோ தம் நிறுவனத்தின் உற்பத்தி முறை பற்றி ஜப்பானிய மொழியில் எழுதிய நூல் 1978-ல் வெளிவந்தது. ஆங்கிலத்தில் 1988-ல் வந்தது. மசாக்கி இமாய் எழுதிய 'கைசன்' 1986-ல் வந்தது. போட்டித்திறன் பற்றி அமெரிக்கப் பேராசிரியர் மைக்கேல் போர்ட்டர் 1980 முதல் எழுதிய நூல்கள் உண்டு. புதுமை பற்றி கிளேட்டன் கிறிஸ்டென்சன் 1997-ல் எழுதிய நூல் உண்டு. இவையெல்லாம் பெரிய ஆலை அதிகாரிகளுக்காக எழுதப்பட்டவை என்று நாம் ஒதுக்கிவிடுகிறோம். ஆனால் சற்றுத் தோண்டிப் பார்த்தால் அடியில் கிடப்பது நம் தொழில்தான். அவற்றில் நமக்கு உதவுவது எது, உதவாதது எது என்று பார்ப்போம்.

கடை அடுக்கில் கண்ட சூத்திரம்

இரண்டாம் உலகப் போருக்குப் பின் டொயோட்டா பணமில்லாத நிறுவனம். 1950-ல் நெருக்கடி முற்றி ஆட்குறைப்பும் வேலைநிறுத்தமும் நடந்தன. நிறுவனர் கீச்சிரோ டொயோடாவே பதவி விலகினார். உதிரி பாகங்களை மலை மலையாக வாங்கிக் குவிக்க அவர்களிடம் முதல் இல்லை. இந்த நிலையில் ஓனோ 1956-ல் அமெரிக்கா சென்றார். அங்கே கார் ஆலைகளைப் பார்த்தார். ஆனால் அவர் மனதில் பதிந்தது சூப்பர் மார்க்கெட். வாடிக்கையாளரே சரக்கை எடுத்துக்கொள்ளும் அத்தகைய மளிகைக் கடையை 1916-ல் மெம்பிஸ் நகரில் கிளாரன்ஸ் சாண்டர்ஸ் என்பவர் தொடங்கியிருந்தார்.

வாங்குபவர் தமக்கு வேண்டியதை, வேண்டிய நேரத்தில், வேண்டிய அளவு எடுக்கிறார். எடுத்த அளவை மட்டும் கடைக்காரர் மறுபடி நிரப்புகிறார். ஆலைக்குள்ளும் அப்படியே செய்தால் என்ன என்று ஓனோ கேட்டார். பின்னால் நிற்கும் தொழிலாளி வாடிக்கையாளர், முன்னால் நிற்பவர் கடைக்காரர். எவ்வளவு எடுக்கப்பட்டது என்பதைச் சொல்ல ஓர் அட்டை. அந்த அட்டைக்குப் பெயர் 'கான்பன்'. ஜப்பானிய மொழியில் அந்தச் சொல்லுக்குக் கடைப் பெயர்ப்பலகை என்றும் பொருள்! உலகம் வியந்த கார்த் தொழிலின் அடிப்படை பலசரக்குக் கடை அடுக்கிலிருந்து போனது என்பதில் நமக்குப் பெருமை உண்டு. ஆனால் நம்மிடமிருந்து போன முறையை நாமே கடைப்பிடிக்கிறோமா?

ஒரு கணக்குப் போடுவோம். ஒரு கடையில் கொள்முதல் விலைப்படி நாள் ஒன்றுக்கு 10,000 ரூபாய் சரக்கு விற்கிறது. கையிருப்பு 2 லட்சம் ரூபாய். அதாவது 20 நாள் சரக்கு முடங்கிக் கிடக்கிறது. இதை 12 நாளாகக் குறைத்தால் கையிருப்பு 1,20,000 ரூபாய் போதும். 80,000 ரூபாய் கைக்கு வரும். இரண்டு வட்டிக்குக் கடன் வாங்கியவருக்கு மாதம் 1,600 ரூபாய், ஆண்டுக்கு 19,200 ரூபாய் மிச்சம். ஒரு கிலோ கூட அதிகம் விற்காமலே வரும் லாபம் இது.

செய்வது எப்படி? கம்ப்யூட்டர் வேண்டாம், சிகரெட் அட்டை போதும். ஒரு சோப்பு நாளைக்கு 4 விற்கிறது, மொத்தக் கடை வண்டி 3 நாளுக்கு ஒருமுறை வருகிறது என்றால் 12 சோப்பு தேவை. தாமதத்துக்கு 3 சேர்த்து 15. அடுக்கின் கடைசி 15 சோப்புக்கு முன்னால் ஓர் அட்டையைச் செருகி வையுங்கள். அட்டை கைக்கு வந்த அன்று அது ஆர்டர் டப்பாவில் விழ வேண்டும். அட்டை வரவில்லை என்றால், எந்தக் கம்பெனி ஏஜெண்ட் எந்தச் சலுகை சொன்னாலும் வாங்க வேண்டாம். பத்துக்கு ஒன்று இலவசம் என்று வாங்கிய பெட்டியில் பாதி, தேதி கடந்து குப்பைக்குப் போன அனுபவம் நம்மில் பலருக்கும் உண்டு.

ரொக்கம் என்ற புதுமை

ஜப்பானின் பொருளாதார வரலாற்றைப் புரட்டினால் அங்கும் முன்னால் நிற்பவர் ஒரு ஜவுளிக்கடைக்காரர். மிட்சுயி தகதோஷி 1673-ல் எடோ நகரில், அதாவது இன்றைய டோக்கியோவில், 'எச்சிகோயா' என்ற துணிக்கடையைத் திறந்தார். அந்தக் காலத்து வழக்கம் வேறு. வியாபாரி துணியைச் சுமந்து பிரபுக்கள் வீட்டுக்குப் போவார். ஆளைப் பார்த்து விலை சொல்வார். பணம் ஆண்டுக்கு ஓரிரு முறை கைக்கு வரும். மிட்சுயி இதை மாற்றினார். கடைக்கு வந்து வாங்க வேண்டும், எல்லோருக்கும் ஒரே விலை, கையில் காசு. முழுத் துணியாக அல்லாமல் வேண்டிய அளவு வெட்டியும் கொடுத்தார். கடன் வட்டியும் வராக்கடனும் இல்லாததால் விலையைக் குறைக்க முடிந்தது. அந்தக் கடைதான் பின்னாளில் மிட்சுயி என்ற பெரும் வணிகக் குழுமமாக வளர்ந்தது. புதுமை என்றால் புதிய இயந்திரம் என்று நினைக்கிறோம். 300 ஆண்டுகளுக்கு முந்தைய இந்தப் புதுமைக்கு ஓர் ஆணி கூடத் தேவைப்படவில்லை.

நம் கடைகளிலும் 'இன்று ரொக்கம் நாளை கடன்' என்ற பலகை தொங்குகிறது. அதற்குக் கீழே கணக்கு நோட்டு இருக்கிறது! கடனே கொடுக்காமல் இந்தப் பகுதியில் வியாபாரம் செய்ய முடியாது என்பது உண்மைதான். சம்பளம் மாதம் ஒருமுறை; பசி தினமும். ஆனால் 2014-ஐ நாம் மறக்கக் கூடாது.

ஸ்ரீபெரும்புதூரில் 2006-ல் தொடங்கிய நோக்கியா கைபேசித் தொழிற்சாலை ஆயிரக்கணக்கானவர்களுக்கு, பெரும்பாலும் இளம் பெண்களுக்கு, வேலை கொடுத்தது. உலகச் சந்தையில் முதலிடத்தில் இருந்த நிறுவனம். 2007-ல் ஐபோன் வந்தது, அடுத்த ஆண்டு ஆண்ட்ராய்டு போன் வந்தது. சில ஆண்டுகளில் நிலைமை தலைகீழானது. 2014 ஏப்ரலில் நோக்கியாவின் கைபேசித் தொழிலை மைக்ரோசாப்ட் வாங்கியது. வரி வழக்கு காரணமாக ஸ்ரீபெரும்புதூர் ஆலை அந்த விற்பனையில் சேரவில்லை. 2014 நவம்பர் 1 அன்று உற்பத்தி நின்றது. நல்ல வாடிக்கையாளர் சொல்வதை மட்டுமே கேட்டு நடக்கும் பெரிய நிறுவனம், ஓரத்தில் முளைக்கும் புதிய பொருளைக் கவனிக்கத் தவறிவிடும் என்று கிறிஸ்டென்சன் 1997-லேயே எழுதியிருந்தார்.

பெரிய ஆலை மூடினால் அரசாங்கம் பேசும், பத்திரிகை எழுதும். அந்தச் சம்பளத்தை நம்பிய மளிகைக் கடையின் நிலுவையைப் பற்றி யாரும் எழுதுவதில்லை. விடுதியைக் காலி செய்து ஊருக்குப் போன பிள்ளையைத் தேடிப் போகவும் முடியாது. ஆகவே இரண்டு வரம்புகளை நோட்டின் முதல் பக்கத்தில் எழுதி வைப்பது நல்லது. ஒருவருக்கு ஒரு வாரச் சம்பளத்துக்கு மேல் கடன் இல்லை. மொத்த நிலுவையில் கால் பங்குக்கு மேல் ஒரே ஆலையைச் சேர்ந்தவர்களிடம் இருக்கக் கூடாது. எல்லா முட்டையையும் ஒரே கூடையில் வைக்காதவனுக்கு இரவில் தூக்கம் வரும்.

சட்டம் தந்த அவகாசம்

இனி நமக்கு மிக நெருக்கமான பகுதிக்கு வருவோம். ஜப்பானின் சிறு கடைக்காரர்களும் நம்மைப் போலவே பெரிய கடைகளை எதிர்த்துப் போராடினார்கள். அதன் பலனாக 1974-ல் பெரிய சில்லறைக் கடைகள் சட்டம் நடைமுறைக்கு வந்தது. பெரிய கடை திறக்க வேண்டுமானால் உள்ளூர் வணிகர்களின் கருத்தைக் கேட்க வேண்டும். ஆண்டுக்கணக்கில் இழுத்தடித்த வழக்குகள் உண்டு. அமெரிக்காவின் நெருக்குதலால் 1990-களில் சட்டம் தளர்ந்தது. 2000-ல் முற்றிலும் நீக்கப்பட்டது.

சட்டம் இருந்தபோதே என்ன நடந்தது தெரியுமா? 1982-ல் ஜப்பானில் 17 லட்சத்துக்கு மேல் சில்லறைக் கடைகள் இருந்தன. அதுதான் உச்சம். பிறகு எண்ணிக்கை இறங்கிக்கொண்டே போய் 2007-ல் 11 லட்சத்தைச் சற்றே தாண்டி நின்றது. பெரிய கடையைச் சட்டம் தடுத்தது. ஆனால் வாரிசுகள் கடைக்கு வராததையும், வாடிக்கையாளரின் பழக்கம் மாறுவதையும் எந்தச் சட்டமும் தடுக்க முடியவில்லை.

அதே 1974-ல் டோக்கியோவின் தொயோசு பகுதியில் ஒரு சின்ன மதுக்கடை 'செவன் லெவன்' கடையாக மாறியது. ஜப்பானில் அதுவே முதல் கடை. மொத்த வியாபாரிகள் பெரிய அளவில்தான் சரக்கு இறக்குவார்கள் என்பதால், இடம் அடைந்து கிடந்தது. வேண்டிய சரக்கு மட்டும் இருக்காது. சிறு அளவில், அடிக்கடி இறக்குங்கள் என்று கேட்டதே அவர்கள் செய்த முக்கியமான மாற்றம். எந்தப் பொருள் எந்த நேரம் விற்கிறது என்று ஒவ்வொன்றாகக் கணக்கு வைத்தார்கள். நாளை மழையா வெயிலா என்று பார்த்து ஆர்டர் கொடுத்தார்கள். பல சிறு கடைகள் இந்த வழியில் பிழைத்தன. அதற்கு விலையும் உண்டு. லாபத்தில் பங்கு தலைமை நிறுவனத்துக்குப் போகும். 24 மணி நேரமும் கடை திறந்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையை எதிர்த்து 2019-ல் கடைக்காரர்களே குரல் எழுப்ப நேர்ந்தது.

நம் நாட்டில் 2012-ல் பல பொருள் சில்லறை வணிகத்தில் 51 சதவீத அந்நிய முதலீட்டை மத்திய அரசு அனுமதித்தது. தமிழக அரசு அதை ஏற்கவில்லை. வணிகர் ஒற்றுமையின் பலம் அதில் தெரிந்தது. ஆனால் போட்டி கதவு வழியாக வராவிட்டால் ஜன்னல் வழியாக வருகிறது. இன்று செல்போனில் தட்டினால் சில நிமிடங்களில் வீட்டுக்கு மளிகை வருகிறது. போராட்டம் நமக்கு வாங்கித் தருவது அவகாசம். அந்த அவகாசத்தில் கடையைச் சீர்திருத்துவது நம் கையில்தான் இருக்கிறது.

எல்லாவற்றையும் நம்பிவிடவும் வேண்டாம்

1980-களில் வந்த பல நூல்கள் ஜப்பானை வானளாவப் புகழ்ந்தன. 1989 டிசம்பரில் டோக்கியோ பங்குச் சந்தை உச்சம் தொட்டுச் சரிந்தது. அந்த உயரத்தை மீண்டும் எட்ட 2024 பிப்ரவரி வரை ஆயிற்று. நிசானே 1999-ல் கடனில் தத்தளித்து பிரான்சின் ரெனோ கை கொடுத்ததால் மீண்டது. போர்ட்டர் 2000-ல் இரு ஜப்பானிய அறிஞர்களுடன் சேர்ந்து மறுபடி ஆராய்ந்தார். உள்ளூரிலேயே கடும் போட்டி இருந்த தொழில்கள்தாம் உலகில் வென்றன, பாதுகாக்கப்பட்ட தொழில்கள் நலிந்தன என்பது அவர்கள் முடிவு. எல்லா நிறுவனங்களும் ஒன்றைப் பார்த்து ஒன்று செய்தால் யாருக்கும் லாபம் நிற்காது என்றும் எச்சரித்தார்கள். எதிரே சூப்பர் மார்க்கெட் வந்தால் நாமும் ஏ.சி. போட்டு அதைப் போலாக வேண்டியதில்லை. அவர்களால் செய்ய முடியாததைச் செய்வோம்: ஐந்து ரூபாய்க்குக் கடுகு, வடமாநிலத் தொழிலாளிக்குக் கடுகு எண்ணெய், ஷிப்டு முடியும் இரவு நேரத்தில் திறந்த கடை.

கையிருப்பைக் குறைப்பதிலும் அளவு வேண்டும். 2011 நிலநடுக்கத்தில் பாகங்கள் கிடைக்காமல் டொயோட்டாவே உற்பத்தியை நிறுத்தியது. 2015 டிசம்பர் வெள்ளத்தில் அரிசி, உப்பு, மெழுகுவத்தி, பால் பவுடர் வைத்திருந்த கடைதான் ஊரைக் காப்பாற்றியது. ஐப்பசி பிறந்தால் இந்தச் சரக்குக்கு மட்டும் அட்டைக் கணக்கு பார்க்க வேண்டாம். மொத்த வியாபாரிகளின் கஷ்டத்தையும் நினைக்க வேண்டும். எல்லாக் கடையும் 'நாளைக்கே கொஞ்சம் கொண்டு வா' என்றால் பாரம் முழுவதும் அவர் தலையில் விழும். ஒரே தெருவில் நான்கு கடைக்காரர்கள் பேசி ஒரே நாளில் இறக்கினால் வண்டி வாடகை இருவருக்கும் மிச்சம்.

இதெல்லாம் ஜப்பானியருக்கே கைவரும் என்று எண்ணவும் வேண்டாம். தரத்துக்காக ஜப்பான் வழங்கும் டெமிங் பரிசை 1998-ல் சென்னை பாடியிலுள்ள சுந்தரம் கிளேட்டன் நிறுவனத்தின் பிரேக் பிரிவு பெற்றது. இந்திய நிறுவனங்களில் அதுவே முதல். நம் ஊர்த் தொழிலாளர்கள் செய்து காட்டியது அது.

டொயோட்டா குடும்பத்தின் மூத்தவர் சாகிச்சி டொயோடா ஒரு தறி செய்தார். ஒரு நூல் அறுந்தாலும் தறி தானே நின்றுவிடும். பழுதான துணி ஒரு முழம் கூட வெளியே வராது. வண்டு விழுந்த பருப்பு மூட்டையை நல்லதோடு கலக்காமல் அப்போதே ஒதுக்கித் திருப்பி அனுப்பும் கடைக்காரர் செய்வதும் அதே வேலைதான். வாங்குபவரின் நலனையும் தம் நலனாகக் கருதுவதே வாணிகம் என்று வள்ளுவர் நமக்கு எப்போதோ சொல்லிவிட்டார். இந்த வாரம் பத்துப் பொருளுக்கு அட்டை செருகிப் பாருங்கள். அடுத்த மாதச் சங்கக் கூட்டத்துக்கு வரும்போது, எவ்வளவு பணம் வெளியே வந்தது என்ற கணக்கையும் கொண்டு வாருங்கள்.