எழுத்தின் வடிவமும் வாசிப்போர் கண்ணும்

நூலொன்றைக் கையிலெடுத்ததும் அதன் பொருளை நாடும் நாம், அப்பொருளைத் தாங்கிவரும் எழுத்துக்களின் வடிவத்தை நோக்குவதில்லை. அவ்வாறு தன்னை நோக்கவிடாது, வாசிப்போனைப் பொருளிடத்தே செலுத்துவதே நல்ல அச்செழுத்தின் இலக்கணம் என்பது எமது துணிபு.

எமது வகுப்பிலே நாவலர் பெருமானின் வசனநூலொன்றைப் பழைய பதிப்பிலே வாசித்த மாணவனொருவன், ‘லை’ என்னும் எழுத்தின் முன்னைய வடிவத்தைக் கண்டு தயங்கி நின்றான். அவன் தமிழறியாதவனல்லன், அவ்வடிவத்தை அறியாதவன். ணை, லை, ளை, னை என்பவற்றைத் துதிக்கை போன்ற மேல்வளைவோடும், ணா, றா, னா என்பவற்றைச் சுழித்தும் எழுதிய பழைய முறையை நீக்கி, தமிழ்நாட்டரசு 1978ஆம் ஆண்டிலே எழுத்துச் சீர்திருத்தஞ் செய்தது. ஈழத்து நூல்களிலும் அம்மாற்றம் பரவிற்று. பழைய வடிவங்கள் ஏழையும் ஒரு பாடவேளையிலே கற்பித்துவிடலாம். கற்பியாதொழியின், முன்னோர் பதிப்புக்கள் நம் சிறார்க்கு அயலவையாகும்.

அறிந்த எழுத்தும் பொருந்தாவிடத்து இடராகும். இன்று கணினியிலுள்ள எழுத்துருக்களை மூவகையாகக் கொள்ளலாம். கோடுகள் எங்கும் ஒரே தடிப்பாயமைவன அறிவித்தற் பலகைக்கும் கைப்பேசித் திரைக்கும் ஏற்றன. தடிப்பும் மெலிவும் மாறிவருவன நூல்களில் நெடுங்காலம் வழங்கியவை. நீண்ட உரைநடைக்கு நம் கண் அவற்றிற் பழகியது. அலங்கார எழுத்துக்கள் தலைப்பின் ஓரிரு சொற்களுக்கன்றிப் பிறவற்றுக்கு ஆகா.

ஆங்கிலத்திற்போலப் பெரியவெழுத்து, சின்னவெழுத்து என்னும் வேறுபாடு தமிழிலில்லை. ஆதலின் தலைப்பை வேறுபடுத்த அளவும், தடிப்பும், வெற்றிடமுமே துணையாவன. ‘கீ’ மேலெழுவது, ‘நூ’ கீழிறங்குவது. வரிகளை நெருக்கினால் இவை ஒன்றோடொன்று முட்டும். தடித்த எழுத்தை மிகச் சிறிதாக அச்சிட்டால் மெய்ப்புள்ளி மையில் மறையும். ‘பல்’ என்பது ‘பல’ ஆகிவிடும். ஒரு புள்ளி போயின் பொருளும் போம்.

கல்லூரி மலர்களைப் பதிப்பிக்கும் மாணவர்களுக்கு யாம் கூறுவது இதுவே: ஒரு பக்கத்தை அச்சிட்டு, மூக்குக்கண்ணாடி அணிந்த மூத்த பழைய மாணவரொருவரிடமும், ஆறாந்தரச் சிறுவனொருவனிடமும் கொடுங்கள். இருவரும் தடையின்றி வாசிப்பராயின் அவ்வெழுத்தே தக்கது. எழுத்தின் அழகை அவர்கள் வியவாது, எழுதப்பட்டதைப்பற்றிப் பேசத்தொடங்குவராயின், உங்கள் பணி நிறைவெய்தியது என்று கொள்க.