கற்கள் பேசுமா, கைடு பேசுவாரா?

ரோமானிய இடிபாடுகளைப் பார்க்கக் கிளம்புகிறவர்கள் முன் நிற்கும் கேள்வி: வழிகாட்டியோடா, தனியாகவா? பதில் பர்ஸின் கனத்தில் இல்லை. போகிற இடத்தில் இருக்கிறது.

ரோமன் ஃபோரத்தின் நடுவே, தாழ்வான கூரை ஒன்றின் கீழ் ஒரு மண்மேடு. அதன் மேல் யாராவது வைத்துவிட்டுப் போன பூக்கள் கிடக்கும். கைப்பேசியில் வரைபடத்தைப் பார்த்தபடி வருகிறவர்கள், சீசர் என்ற பெயரைக் கண்டதும் நின்று படமெடுத்துக்கொள்கிறார்கள். கத்திக்குத்துப் பட்டு அவர் விழுந்த இடம் இதுதான் என்று நினைத்துக்கொண்டே போகிறவர்கள் உண்டு. உண்மையில் இது அவர் உடல் எரிக்கப்பட்ட இடம். கி.மு. 44 மார்ச்சில் அவர் கொல்லப்பட்டது, ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் தள்ளி, பாம்பி கட்டிய மண்டபத்தில். இன்று பஸ்கள் சுற்றிப்போகும் லார்கோ அர்ஜென்டினா சதுக்கத்தில் அதன் மிச்சம் கிடக்கிறது. அந்தப் பள்ளத்துக்குள் இறங்கிப் பார்க்கப் பொதுமக்களுக்கு வழி திறந்ததே 2023 ஜூனில்தான்.

சற்று நேரத்தில் சிறிய கொடி ஒன்றை உயர்த்திப் பிடித்தபடி ஒரு வழிகாட்டி வருகிறார். பின்னால் இருபத்தைந்து பேர், காதில் ஒலிக்கருவியோடு. எரித்த இடம் எது, கொன்ற இடம் எது என்பதை அவர் இரண்டே வாக்கியத்தில் சொல்லிவிட்டு நகர்கிறார். வரிசையின் கடைசியில் நிற்பவர் மேட்டை எட்டிப் பார்ப்பதற்குள் கொடி அடுத்த தூணைத் தாண்டிவிடுகிறது.

முதல் ஆளுக்கு நேரம் இருந்தது, விஷயம் இல்லை. இரண்டாவது ஆளுக்கு விஷயம் கிடைத்தது, நேரம் இல்லை. ரோமானிய இடிபாடுகளைப் பார்க்கப் போகும் எல்லோருக்கும் வரும் சங்கடம் இதுதான்.

பலருக்கு இந்தத் தேர்வே கிடைப்பதில்லை என்பது வேறு விஷயம். கொலோசியம், ஃபோரம், பாலட்டைன் குன்று மூன்றுக்கும் சேர்த்து 24 மணி நேரம் செல்லும் சாதாரண டிக்கெட்டின் விலை 2024இல் 18 யூரோ. அன்றைய மதிப்பில் 1,600 ரூபாய்க்குச் சற்று அதிகம். 30 நாட்களுக்கு முன்பு விற்பனைக்கு வரும் இந்த டிக்கெட்டுகள் கண்மூடித் திறப்பதற்குள் தீர்ந்துவிடுவதாகப் பல காலம் புகார் இருந்தது. 2023 அக்டோபர் முதல் டிக்கெட்டில் பெயர் அச்சிடப்பட்டு, நுழைவாயிலில் அடையாள அட்டையோடு ஒப்பிடப்படுகிறது. 2025 ஏப்ரலில் இத்தாலியின் வணிகப் போட்டிக் கண்காணிப்பு ஆணையம், டிக்கெட் விற்பனையைக் கவனித்து வந்த நிறுவனத்துக்கும் ஆறு சுற்றுலா நிறுவனங்களுக்கும் சேர்த்து ஏறக்குறைய 2 கோடி யூரோ அபராதம் விதித்தது. டிக்கெட்டுகளில் கணிசமான பங்கைத் தன் வழிகாட்டிச் சுற்றுலாக்களோடு சேர்த்து விற்பதற்காகவே விற்பனை நிறுவனம் ஒதுக்கிவைத்துக்கொண்டது, கணினி நிரல்கள் மூலம் டிக்கெட்டுகள் மொத்தமாக வாரிச் செல்லப்பட்டன என்பவை ஆணையத்தின் குற்றச்சாட்டுகள். ஆக, கொலோசியத்தில் கொடிக்குப் பின்னால் நடந்தவர்களில் ஒரு பகுதியினர் வழிகாட்டி வேண்டும் என்று போனவர்கள் அல்ல. உள்ளே போக வேறு வழி தெரியாததால் போனவர்கள்.

இந்தியாவிலிருந்து போகிறவர்களின் கதை வேறு. பத்து நாளில் ஐரோப்பா என்ற வகைத் தொகுப்புச் சுற்றுலாக்கள் பலவற்றில் கொலோசியம் என்பது வெளியே நின்று படமெடுத்துக்கொள்ளும் இருபது நிமிடம் மட்டுமே. உள்ளே போவது கட்டணத்தில் சேர்ந்திருக்கிறதா என்று பணம் கட்டும் முன்பே கேட்டுக்கொள்வது நல்லது. வழிகாட்டியா தனியாகவா என்ற கேள்வி அதற்குப் பிறகுதான்.

உள்ளே போக முடிந்தவர்கள் காசை எங்கே செலவழிக்கலாம்? சந்தேகமில்லாமல், ரோமன் ஃபோரத்தில். கொலோசியம் ஓர் அரங்கம் என்பது குழந்தைக்கும் புரியும். ஃபோரம் அப்படியல்ல. குடியரசு, பேரரசு, கிறிஸ்தவம் என்று ஆயிரம் ஆண்டுக்கும் மேலான காலம் அங்கே ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கிக் கிடக்கிறது. கி.பி. 608இல் ஃபோக்காஸ் பேரரசருக்காக நிறுத்தப்பட்ட தூண்தான் அங்கே கடைசியாக எழுந்த நினைவுச் சின்னம். பின்னர் மண் மூடியது. மாடு மேய்ந்தது. 'மாட்டு மைதானம்' என்பதே அந்த இடத்தின் பெயராக இருந்தது.

அந்தோனினஸ் - ஃபாஸ்டினா கோயிலின் கதவைப் பார்த்தால் இது விளங்கும். படிகளுக்கு மேலே, யாரும் ஏற முடியாத உயரத்தில் அது தொங்குகிறது. கோயில் தேவாலயமாக மாறிய பிறகு, உயர்ந்துவிட்ட தரைமட்டத்துக்கு ஏற்ப வைத்த கதவு அது. அகழ்ந்து மண்ணை எடுத்தபோது தரை கீழே போனது, கதவு மேலேயே நின்றுவிட்டது. இதைக் காட்டிச் சொல்ல ஒருவர் இருந்தால், அந்தக் கதவு பல நூற்றாண்டுகளை அளக்கும் அளவுகோலாகிவிடும். சொல்ல ஆள் இல்லாவிட்டால் அது வெறும் கதவு. டைட்டஸ் வளைவின் உட்புறச் சிற்பத்தில் வீரர்கள் தூக்கிச் செல்வது கி.பி. 70இல் ஜெரூசலத்தில் கொள்ளையடித்த ஏழு கிளை விளக்கு என்பதும் அப்படித்தான். தெரியாதவர்கள் அதனடியில் நடந்து போய்விடுகிறார்கள்.

ஆனால் வழிகாட்டி சொல்வதெல்லாம் உண்மையா?

ரோமில் இந்தத் தொழிலுக்கு வயது அதிகம். 12ஆம் நூற்றாண்டில் எழுந்த, யாத்ரிகர்கள் கையில் புழங்கிய 'மிராபிலியா' என்ற வழிகாட்டி நூல், கொலோசியத்தைச் சூரியன் கோயில் என்று சொன்னது. 1869இல் 'தி இன்னசென்ட்ஸ் அப்ராட்' எழுதிய மார்க் ட்வைன், சொந்தப் பெயர் எதுவானாலும் வழிகாட்டிகளை எல்லாம் ஃபெர்குசன் என்றே அழைத்துக் கேலி செய்தார். இன்றும் கட்டை விரலைக் கீழே காட்டினால் மரணம் என்று நடித்துக் காட்டும் வழிகாட்டிகள் உண்டு. ரோமானியர்கள் விரலை எந்தப் பக்கம் திருப்பினார்கள் என்று அறிஞர்கள் உறுதியாகச் சொல்வதில்லை. கீழ்நோக்கிய விரலை உலகம் முழுக்கப் பரப்பியது ழெரோம் என்ற பிரெஞ்சு ஓவியர் 1872இல் தீட்டிய படம். 2000இல் வந்த 'கிளாடியேட்டர்' திரைப்படத்துக்குத் தூண்டுகோலும் அந்த ஓவியம்தான். 'வொமிட்டோரியம்' என்றால் விருந்தாளிகள் உண்டதை வாந்தியெடுக்கும் அறை என்ற கதையும் இந்த ரகம். அரங்கிலிருந்து கூட்டம் வெளியே வரும் வழிக்குத்தான் அந்தப் பெயர். சுவரில் தெரியும் துளைகள் குண்டு துளைத்தவை அல்ல. கற்களைப் பிணைத்திருந்த இரும்புப் பட்டைகளை இடைக்காலத்தில் பெயர்த்தெடுத்த தழும்புகள்.

பொம்பெய்யில் இது இன்னும் நுட்பமான பிரச்சினை. கி.பி. 79இல் வெசுவியஸ் எரிமலைச் சாம்பலில் புதைந்தவர்களின் உடல்கள் அழிந்து, சாம்பலுக்குள் வெற்றிடங்கள் எஞ்சின. 1863இல் கியூசெப்பே ஃபியோரெல்லி அவற்றில் பிளாஸ்டர் ஊற்றி உருவங்களை வார்த்தெடுத்தார். அந்த முறையில் பின்னாளில் வார்க்கப்பட்டவற்றில் ஒன்று, தங்கக் காப்பு அணிந்த உருவம், மடியில் குழந்தை. தாயும் சேயும் என்றே நெடுங்காலம் பயணிகளுக்குச் சொல்லப்பட்டது. கேட்டவர்கள் கண் கலங்கினார்கள். 2024 நவம்பரில் வெளியான மரபணு ஆய்வு கதையைத் தலைகீழாக்கியது: அது ஆண்; குழந்தைக்கும் அவருக்கும் ரத்த உறவு இல்லை. பொய் சொல்ல வேண்டும் என்று யாரும் நினைத்ததில்லை. காப்பைப் பார்த்தார்கள், பெண் என்றார்கள். சாகும் நேரத்தில் யார் பெற்ற பிள்ளையையோ அந்த மனிதர் அணைத்திருந்தார் என்பது பழைய கதையைவிடக் குறைந்ததாகவும் தெரியவில்லை.

எனவே வழிகாட்டியைத் தேர்ந்தெடுப்பதில் கவனம் வேண்டும். இத்தாலியில் உரிமம் இல்லாமல் இந்தத் தொழில் செய்ய முடியாது. தேசிய அளவிலான தேர்வையும் பதிவேட்டையும் 2023 டிசம்பரில் வந்த சட்டம் கொண்டுவந்தது. வாசலில் வழிமறிப்பவரிடம் உரிம அட்டையைக் காட்டச் சொல்வது மரியாதைக் குறைவல்ல. அட்டையைவிட நல்ல சோதனை ஒன்றும் உண்டு. எரிமலை வெடித்தது எந்தத் தேதி என்று கேட்டுப் பார்க்கலாம். ஆகஸ்ட் 24 என்பது இளைய பிளினியின் கடிதத்தை வைத்துச் சொல்லிவந்த பழைய பதில். 2018இல் ஒரு வீட்டுச் சுவரில் கரியால் எழுதிய, அக்டோபர் தேதியிட்ட வரி ஒன்று கண்டெடுக்கப்பட்டபின், வெடித்தது இலையுதிர் காலத்தில் என்ற கருத்து வலுப்பெற்றிருக்கிறது. இரண்டையும் சொல்லி, ஏன் என்றும் விளக்குகிறவர் நல்ல வழிகாட்டி. ஒரே பதிலை அடித்துச் சொல்கிறவரிடம் எச்சரிக்கை தேவை.

வழிகாட்டி தேவைப்படாத இடமும் இருக்கிறது. ரோமிலிருந்து ரயிலில் அரை மணி நேரத்தில் போய்விடக்கூடிய ஓஸ்டியா அன்டிகா, டைபர் நதி முகத்தில் இருந்த பழைய துறைமுக நகரம். அங்கே நகரமே பாடம் நடத்துகிறது. மாவரைத்த கல் இயந்திரங்கள் இருந்தால் ரொட்டிக் கடை. வரிசையாகத் துளையிட்ட கல் இருக்கைகள் என்றால் பொதுக் கழிப்பறை. டயானா தெருவில் உணவுக் கடையின் கல்மேடை, தட்டு வைக்கும் படிகளோடு நிற்கிறது. விற்ற பண்டங்களைச் சுவரிலேயே வரைந்து வைத்திருக்கிறார்கள். மாடிக் குடியிருப்புகளின் படிக்கட்டுகள் பாதியில் நிற்கின்றன. அரங்கத்துக்குப் பின்னால் உள்ள சதுக்கத்தைச் சுற்றி ஏறக்குறைய அறுபது வணிக அலுவலகங்கள். வாசல்தோறும் கறுப்பு வெள்ளை மொசைக்: கப்பல், கலங்கரை விளக்கம், தானியம் அளக்கும் படி. இன்றைய லிபியாவில் உள்ள சப்ராத்தா நகரத்து வணிகர்களின் வாசலில் ஒரு யானை. இதற்கெல்லாம் மொழிபெயர்ப்பாளர் வேண்டாம். தேவைப்படுவது நல்ல செருப்பு, தண்ணீர், ஒரு கையடக்க நூல், அரை நாள். திங்கட்கிழமை விடுமுறை என்பதை மட்டும் மறக்கக் கூடாது.

ரோம் ஒரு கோடி, ஓஸ்டியா மறு கோடி என்றால் பொம்பெய் நடுவில் நிற்கிறது. 66 ஹெக்டேர் பரப்புள்ள நகரம். மூன்றில் ஒரு பங்கு இன்னும் தோண்டப்படவில்லை. கூட்டம் தாங்காமல் 2024 நவம்பர் முதல் நாளொன்றுக்கு 20,000 பேர் என்று வரம்பு வைத்துவிட்டார்கள். இரண்டு மணி நேரச் சுற்று போகிறவர்கள் ஒரே பாதையில் நெருக்கியடிக்கிறார்கள்: ஃபோரம், குளியல் மண்டபம், விலைமாதர் விடுதி. அந்த விடுதியின் குறுகிய நடைவழியில் முண்டியடிக்கும் அதே நேரத்தில், நாலு தெரு தள்ளி ஆளரவமே இருக்காது. தெருவைக் கடக்கப் போட்ட உயரக் கற்களும், அவற்றின் இடையே வண்டிச் சக்கரம் தேய்த்த பள்ளங்களும் வெயிலில் கிடக்கும். அவற்றில் கால் வைத்துக் கடக்கும் ஒரு நிமிடத்தில் தெரிந்துகொள்வதை எந்தச் சொற்பொழிவும் தராது.

ஆனால் எந்த வீடு இன்று திறந்திருக்கிறது, எது பழுதுபார்ப்பில் இருக்கிறது என்பது தனியாகப் போகிறவருக்குத் தெரியாது. இருபது ஆண்டு மூடிக் கிடந்து 2023 ஜனவரியில் திறந்த வெட்டி சகோதரர்கள் வீட்டைத் தேடிப் போகாமலே திரும்பிவிடுகிறவர்கள் உண்டு. காலையில் இரண்டு மணி நேரம் நல்ல வழிகாட்டியோடு, பிறகு மாலைவரை தனியாக என்று பிரித்துக்கொண்டால் இரண்டின் பலனும் கிடைக்கும். இந்த வரிசையை மாற்றக் கூடாது. முதலில் பார்க்கப் பழகியவருக்குத்தான் பிறகு தனியாகப் பார்க்கக் கண் இருக்கும். நான்கைந்து பேர் கொண்ட குடும்பம் ஒரு வழிகாட்டியைத் தமக்கென்றே அமர்த்தினால், தலைக்கு ஆகும் செலவு பெரிய குழுவில் சேர்வதைவிட மிக அதிகமாக இருக்காது. முக்கியமாக, குறுக்கே பேசலாம். வாடகைக்குக் கிடைக்கும் ஆடியோ கைடில் முடியாத காரியம் அது. இருபத்தைந்து பேர் குழுவில் சேர்ந்தாலும் முடியாது.

கேள்வியோடு போகிறவருக்கு இந்த இடிபாடுகள் தருவது அதிகம். இந்தியர்களிடம் அப்படிப்பட்ட கேள்விகள் இரண்டு இருக்க முடியும். ஒன்று ஃபோரத்தில்: மாக்சென்டியஸ் மண்டபத்தின் அடியில் டொமிஷியன் கட்டிய மிளகுக் கிடங்கு இருந்ததே, எங்கே? அந்த மிளகு, முசிறி போன்ற மேற்குக் கடற்கரைத் துறைமுகங்களிலிருந்து பருவக் காற்றைப் பிடித்துப் போனது.

இன்னொன்று பொம்பெய்யில். அபோண்டான்சா தெருவை ஒட்டிய ஒரு வீட்டில் 1938இல் அமடியோ மயூரி சாண் அளவுள்ள தந்தச் சிலை ஒன்றைக் கண்டெடுத்தார். காலில் தண்டை, கையெல்லாம் வளை, இருபுறமும் தோழியர். லட்சுமி என்றார்கள், யட்சியாக இருக்கலாம் என்பது பின்னர் வந்த கருத்து. மகாராஷ்டிரத்தின் போகர்தனில் கிடைத்த தந்த உருவம் ஒன்றின் சாயல் இதில் இருக்கிறது. இன்று அது நேப்பிள்ஸ் தேசியத் தொல்பொருள் அருங்காட்சியகத்தில், பாலியல் கலைப்பொருட்களுக்கான 'ரகசிய அறை'யில் நிற்கிறது.

இரண்டு மணி நேரச் சுற்றுகளின் வழக்கமான பட்டியலில் அந்த வீடு கிடையாது. தனியாக நடப்பவரின் வரைபடத்திலும் அது கண்ணில் படாது. அபோண்டான்சா பொம்பெய்யின் முக்கியத் தெரு. நாள் முழுதும் கொடிகளும் கைப்பேசிகளும் அதன் வழியாகப் போய்க்கொண்டே இருக்கின்றன.