சத்யஜித் ராய் படங்களில் ஒலியும் பொருளும்: மொழிபெயர்ப்பு நோக்கு

சத்யஜித் ராய் (1921-1992) தம் தொடக்ககாலப் படங்களுக்கு இசையமைக்கப் புகழ்பெற்ற இசைவாணர்களையே நாடினார். 'பாதேர் பாஞ்சாலி' (1955) படத்திற்கு ரவிசங்கரும், 'ஜல்சாகர்' (1958) படத்திற்கு விலாயத் கானும், 'தேவி' (1960) படத்திற்கு அலி அக்பர் கானும் இசையமைத்தனர். 'தீன் கன்யா' (1961) முதல் ராய் தம் படங்களுக்குத் தாமே இசையமைக்கலானார். திரைக்கதையும் உரையாடலும் இசையும் ஒருவரிடமே அமைந்தமையால், அவர் படங்கள் சிலவற்றில் ஒலியே பொருளைச் சுமந்து நிற்கிறது. இது மொழிபெயர்ப்பாளர் கருத வேண்டிய ஒன்றாகும்.

பாட்டனார் உபேந்திரகிஷோரின் கதையைத் தழுவி ராய் எடுத்த படம் 'கூபி காயின் பாகா பாயின்' (1969). இதில் நால்வகைப் பேய்கள் ஆடும் கூத்துக்கு மிருதங்கம், கஞ்சிரா, கடம், மோர்சிங் ஆகிய தென்னிந்தியத் தாளக்கருவிகள் ஒலிக்கின்றன. ஒலியன்கள் சொற்பொருளை வேறுபடுத்துவது போல, இங்குக் கருவிகளின் ஒலி பேய்க்குழுக்களை வேறுபடுத்துகிறது. சொல் இடம்பெறாத இப்பகுதிக்கு மொழிபெயர்ப்புத் தேவையில்லை.

இதன் தொடர்ச்சியாகிய 'ஹீரக் ராஜார் தேசே' (1980) படத்தின் நிலை வேறு. கொடுங்கோல் அரசனும் அவையோரும் இயைபு அமைந்த அடிகளிலேயே பேசுகின்றனர். எதிர்ப்போரின் மூளையில் பொறி வாயிலாகப் புகுத்தப்படும் வாசகங்களும் இயைபுடையனவே. பள்ளி மூடப்பட்டுத் தலைமறைவாகும் ஆசிரியர் உதயன் மட்டும் உரைநடையில் பேசுகிறார். அவரது சிந்தனை பிறர் வகுத்த அச்சில் வார்க்கப்படவில்லை என்பதை அவ்வுரைநடையே உணர்த்துகிறது. எல்லோர் பேச்சையும் உரைநடையாகப் பெயர்த்தால் கதை விளங்கும். ஆனால் ஆசிரியரின் விடுதலை புலப்படாது போகும்.

தமிழில் பெயர்ப்போர்க்கு மற்றொரு சிக்கலும் உண்டு. வினைமுற்று தொடரின் இறுதியில் நிற்பதாலும், திணை பால் எண் இட விகுதிகள் ஒத்து வருவதாலும், 'வந்தான், சென்றான்' என்றாற்போல் இறுதி ஒலியொப்புமை தமிழ் உரைநடையிலும் இயல்பாகவே தோன்றிவிடும். எனவே இயைபு ஒன்றே அரசன் பேச்சைத் தனித்துக் காட்டப் போதாது. அவன் பேச்சில் எதுகையும் மோனையும் உடன் அமைதல் வேண்டும். ஆசிரியர் பேச்சிலோ, தற்செயலாக அமையும் இயைபையும் தொடரமைப்பை மாற்றித் தவிர்த்தல் வேண்டும்.

மூலத்தின் ஒலிகளை அப்படியே இலக்கு மொழிக்குக் கொணர்தல் இயலாது. ஆயினும் யாப்புற்ற பேச்சுக்கும் யாப்பற்ற பேச்சுக்கும் இடையிலுள்ள வேறுபாட்டைக் கொணர்தல் இயலும். இத்தகைய படத்தில் மொழிபெயர்ப்பாளர் முதலில் காக்க வேண்டுவது அவ்வேறுபாட்டையே எனலாம்.