'லிசிற்' என்னும் ஆங்கிலச் சொல்லும் ஊவாத் தோட்டங்களும்

'இல்லிசிற்' என்ற ஆங்கிலச் சொல்லை அறியாதார் இலங்கையிற் சிலரே. கசிப்புக் காய்ச்சியோர் பற்றிய பொலிஸ் அறிக்கையிலும், மரந்தறித்தோர் பற்றிய நீதிமன்றச் செய்தியிலும், தோணியேறி வந்தோர் பற்றிய பாராளுமன்ற விவாதங்களிலும் அது திரும்பத் திரும்ப வந்துள்ளது. ஆனால் அதன் உடன்பாட்டு வடிவமாகிய 'லிசிற்' வழக்கில் அரிதானது. ஆங்கிலம் நன்கு கற்றோரும் அதனை எதிர்மறையோடு சேர்த்துச் சொல்ல நேரும்போதன்றித் தனியே கையாள்வதில்லை. ஆங்கில–தமிழ் அகராதியைப் புரட்டினால் 'சட்டபூர்வமான' என்ற பொருளே பெரும்பாலும் கிடைக்கும். இப்பொருள் பிழையன்று, ஆயினும் போதாது. அச்சொல் குறிப்பது சட்டத்தையன்று, அனுமதியை. சட்டத்துக்கும் அனுமதிக்கும் இடையிலுள்ள இவ்வேறுபாடு அகராதிக்காரரின் நுணுக்கம் மட்டுமன்று என்பதைப் பதுளை முதலான ஊவா மாகாணத் தோட்டங்களின் வரலாறு நன்கு காட்டுகின்றது.

முதலிற் சொல்லை நோக்குவோம். ஆங்கிலத்தில் இப்பொருட்பரப்பில் நான்கு சொற்கள் அருகருகே நிற்கின்றன. 'லீகல்', 'லெஜிற்றிமேற்' ஆகிய இரண்டும் சட்டம் எனப் பொருள்படும் 'லெக்ஸ்' என்னும் இலத்தீன் சொல்லிலிருந்து கிளைத்தவை. 'லோஃபுல்' என்பதன் அடி வடபுல மொழியிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தது. வகுத்து வைக்கப்பட்டது என்பது அதன் பழம்பொருள். 'லிசிற்' ஒன்றே இவற்றிலிருந்து விலகி நிற்பது. அது 'லிசெற்' என்னும் இலத்தீன் வினையிலிருந்து, 15ஆம் நூற்றாண்டளவில் ஆங்கிலத்தில் வந்து சேர்ந்தது. 'செய்யலாம், தடையில்லை' என்பதே அவ்வினையின் பொருள். ஆகவே 'லிசிற்' எனப்படும் செயலுக்குப் பின்னால், 'செய்யலாம்' என்று சொல்லும் அதிகாரம் படைத்த ஒருவர் எப்போதும் இருக்கிறார். நாம் அன்றாடம் வழங்கும் 'லைசன்ஸ்' என்ற சொல் அதன் உடன்பிறப்பு. ஓய்வைக் குறிக்கும் 'லெஷர்' என்ற சொல்லும் அதே வினையிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்தது. ஓய்வு என்பது உழைப்பவனுக்கு இயல்பாக உள்ளதன்று, மேலுள்ளவன் விட்டுக்கொடுக்கும் நேரம் என்ற கருத்து அச்சொல்லின் பிறப்பிலேயே பொதிந்துள்ளமை மனங்கொள்ளத்தக்கது.

கத்தோலிக்கத் திருச்சபைச் சட்டத்தில் இவ்வேறுபாடு துலக்கமாகத் தெரிகின்றது. பாப்பரசரின் ஆணையின்றி ஓர் ஆயர் இன்னொருவரை ஆயராகத் திருநிலைப்படுத்தினால் அச்சடங்கு செல்லுபடியாகும். ஆனால் 'லிசிற்' ஆகாது. செயல் நடந்தது, பயனும் விளைந்தது, அனுமதி மட்டும் இல்லை. சர்வதேச போதைப்பொருட் சட்டத்தில் இதன் மறுதலையைக் காணலாம். இந்தியாவில் அரசின் அனுமதிச்சீட்டுடன் பயிரிடப்படும் அபின் செடி 'லிசிற்'. அடுத்த வயலில் அச்சீட்டின்றி வளரும் அதே செடி 'இல்லிசிற்'. செடியின் இயல்பில் வேறுபாடில்லை. நமது தவறணைச் சாராயத்துக்கும் கசிப்புக்கும் இடையிலுள்ள பகையும் இத்தகையதே. குடித்தவனின் ஈரல் எவ்வாறாயினும், முன்னது அரசுக்கு வருமானம் தருவது, பின்னது தராதது.

இச்சொல்லுக்குத் தமிழில் நேரானது எது? பரிமேலழகர் அறத்தை விளக்குமிடத்து விதி, விலக்கு என்னும் இரண்டையும் அடிப்படையாகக் கொள்வார். 'லிசிற்' இவ்விரண்டிலும் அடங்குவதன்று. செய்தே ஆகவேண்டும் என விதிக்கப்படாததும், செய்யற்க என விலக்கப்படாததுமான இடைநிலம் அதனுடையது. இவ்விடைநிலத்துக்குரிய சொல்லைத் தமிழ் முஸ்லிம்கள் பேணி வைத்துள்ளனர். மார்க்கச் சட்டம் பற்றிய அவர்களது தமிழ் நூல்களில் 'ஆகுமானது', 'ஆகுமாக்கப்பட்டது' என்னும் வழக்குகள் நிலைபெற்றவை. 'ஆகும்', 'ஆகாது' என்பன நமது கிராமப்புறப் பேச்சிலும் உள்ளனவே. இன்ன கிழமையில் இன்னது ஆகாது என்போர், சட்டத்தையன்று, ஒரு தடையையே சொல்கின்றனர். 'ஆகுமான' என்பதே 'லிசிற்' என்பதற்கு மிக நெருங்கிய தமிழ் என்பது என் கருத்து. சட்ட மொழிபெயர்ப்பாளர் இதனை ஏன் கண்டுகொள்ளவில்லை என்பது தனியே ஆராயத்தக்கது. மத நூல்களின் தமிழைப் பொதுத் தமிழாக எண்ணாத மனப்பாங்கு அதற்கொரு காரணமாகலாம்.

இனித் தோட்டங்களுக்கு வருவோம். பெருந்தோட்ட முறையில் தொழிலாளியின் வாழ்வு முழுவதும், உரிமையால் அன்றி, அனுமதிச் சீட்டுகளால் ஆகுமாக்கப்பட்ட ஒன்றாகவே இருந்தது. 1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கச் சேவை ஒப்பந்தக் கட்டளைச் சட்டத்தின்கீழ், முன்னறிவித்தலின்றி வேலையை விட்டு நீங்குவது சிறைத்தண்டனைக்குரிய குற்றம். ஓர் ஒப்பந்தத்தை மீறினால் நட்டஈடு கேட்கலாம் என்பது முதலாளித்துவச் சட்டத்தின் பொது நியதி. தோட்டத் தொழிலாளியைப் பொறுத்தவரை அந்நியதி கைவிடப்பட்டது. வேலையை விடுவதற்கும் அவனுக்குத் துரையின் 'செய்யலாம்' தேவைப்பட்டது.

அந்தச் 'செய்யலாம்' என்பதன் வடிவமே 'துண்டு'. இன்ன தொகைக் கடனைத் தீர்த்தால் இவர்களை விடுவிக்கச் சம்மதம் எனத் தோட்டத்துரை எழுதிக் கொடுக்கும் சீட்டு அது. புதிய தோட்டம் அக்கடனைக் கட்டும். கட்டிய தொகை தொழிலாளியின் பெயரிற் பழையபடி கடனாக ஏறும். பெரிய கங்காணியின் கையில் துண்டு ஒரு வியாபாரப் பண்டமாயிற்று. துண்டில்லாதவனுக்கு வேறு தோட்டத்தில் இடமில்லை. இருக்கும் தோட்டத்தை விட்டு நீங்கினால் அவன் ஓடிப்போனவன். 1921இல் துண்டு முறை சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. எனினும் வேலைநீக்கத்தைக் குறிக்கும் 'பற்றுச்சீட்டு' என்ற சொல் அதன்பின்னரும் நெடுங்காலம் லயங்களிற் கிலி ஊட்டியது. கடல் கடந்து வருமுன்னரே சீட்டு தொடங்கிவிட்டது என்பதையும் சேர்த்துக் கூறவேண்டும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திற் சேர வேண்டிய தோட்டத்தின் அடையாளம் பொறித்த தகரச் சீட்டு ஒவ்வொருவருக்கும் வழங்கப்பட்டது. மண்டபம் முகாமிலே தடுத்து வைக்கப்பட்டு, மருத்துவப் பரிசோதனைக்கு ஆட்பட்டு, அச்சீட்டுடனேயே அவர்கள் கண்டிச் சீமைக்குக் கப்பலேறினர்.

அதாவது, இவர்களின் வருகையைப் போல முற்றாக ஆகுமாக்கப்பட்ட வருகை வேறொன்றைக் காட்டுவது கடினம். அத்தகையோரின் பிள்ளைகளே பின்னர் 'கள்ளத்தோணி' எனப்பட்டனர் என்பது நகைப்புக்கும் அப்பாற்பட்டது. சுதந்திரத்துக்குப் பின் 'இல்லிசிற் இமிகிரன்ற்' என்பது அரசாங்கத்தின் சொல்லாயிற்று. அதனைத் தடுப்பதற்கென இராணுவத்தின் தனிப்பிரிவொன்றும் இயங்கிற்று. ஆங்கிலத்தில் அடைமொழி ஆளையே தழுவியபோதும், சட்டத்தின் நோக்கில் அது நுழைவு என்னும் செயலையே சாரும். தமிழ்ப் பேச்சிலோ அடைமொழி தோணியைத் தழுவி, பின் தோணியே ஆளாயிற்று. செயல் ஒருநாள் முடிவது; ஆள் சாகும்வரை இருப்பவன். அவன் பிள்ளைகளும் அவ்வாறே. சிங்கள அரசியல்வாதிகள் மட்டுமன்றி, வடபுலத் தமிழரும் மலையக மக்களை நோக்கி இச்சொல்லைக் கூசாது கையாண்டனர் என்பதை மறைக்க வேண்டியதில்லை.

1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம், இங்கு பிறந்தவன் என்பதை மட்டும் போதிய தகுதியாகக் கொள்ளவில்லை. தந்தையும் இங்கு பிறந்தமைக்கு, அன்றேல் தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் இங்கு பிறந்தமைக்குச் சான்று வேண்டிற்று. 1949ஆம் ஆண்டின் இந்திய–பாகிஸ்தானிய வதிவோர் சட்டத்தின்கீழ் ஏறத்தாழ 825,000 பேர் விண்ணப்பத்துள் அடங்கினர். பிரஜாவுரிமை பெற்றோர் ஏறத்தாழ 134,000 பேர் மட்டுமே. 1964 ஒக்டோபர் 30இல் கைச்சாத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 975,000 மனிதரை இரு அரசாங்கங்களுக்கிடையே பங்கிடத் தொடங்கிற்று: 525,000 இந்தியாவுக்கு, 300,000 இலங்கைக்கு, எஞ்சிய 150,000 பேர் பின்னொரு பேச்சுவார்த்தைக்கு. 1974இல் அவர்களும் சரிபாதியாகப் பிரிக்கப்பட்டனர். பசறைப் பகுதித் தோட்டமொன்றில் மூதாட்டி ஒருவர் தம் தகரப்பெட்டியைத் திறந்து காட்டியபோது, பிறப்புச் சான்று, விண்ணப்பப் பிரதி, நிராகரிப்புக் கடிதம் என்று நாற்பது ஆண்டுக் காகிதங்கள் மேலிருந்து கீழாக அடுக்கப்பட்டிருந்தன. நகை இருந்த இடமெது என்று கேட்டேன். இவற்றை எடுப்பதற்காகவே அது அடைவுக்குப் போயிற்று என்றார். நாடற்றோர் என எஞ்சியோருக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003ஆம் ஆண்டிலும் இயற்ற வேண்டியிருந்தது.

அனுமதியை இவ்வாறு எதிர்நோக்கி நின்றது மட்டுமே வரலாறெனின் அது அரைகுறை வரலாறாகும். 1940இன் தொடக்கத்தில் முல்லோயாவிற் கோவிந்தன் பொலிசாரின் துப்பாக்கிச்சூட்டுக்குப் பலியானதையடுத்து எழுந்த வேலைநிறுத்த அலை விரைவில் ஊவாவை அடைந்தது. அவ்வாண்டு மே மாதம் பதுளையில், தடையுத்தரவை மீறி என். எம். பெரேரா பொதுக்கூட்டத்திற் பேசினார். வெவெஸ்ஸ தோட்டத்தில் தொழிலாளர் தமக்கெனத் தேர்ந்தெடுத்த சபையொன்றை அமைத்தனர். அச்சபையைக் கலந்தே கருமமாற்றத் துரை இணங்கினார். சட்டத்தையும் ஒழுங்கையும் நிலைநாட்டச் சென்ற ஆயுதப் பொலிசாரிடமிருந்து தொழிலாளர் ஆயுதங்களைப் பறித்தனர். அடக்குமுறையும் அப்போது பெய்த பெருமழையின் வெள்ளமும் சேர்ந்து அந்த அலையைத் தணித்தன. எனினும், எது ஆகும், எது ஆகாது என்பதைத் தீர்மானிக்கும் இடத்தில் சில நாளேனும் லயத்து மனிதர் இருந்தனர். அந்நாட்களில் வெவெஸ்ஸவில் நடந்தது எதுவும் 'லிசிற்' அன்று. ஆயின் அது 'லெஜிற்றிமேற்' அன்று எனக் கூறுவதற்கு எனக்கு மனம் இடந்தரவில்லை. நான்கு சொற்களையும் 'சட்டபூர்வமான' என்ற ஒன்றினுள் அடக்கும் மொழிபெயர்ப்பு, இத்தகைய கூற்றையே தமிழிற் சொல்ல முடியாததாக்கிவிடுகின்றது.

நீதிமன்றமும் ஒருமுறை இவ்வேறுபாட்டின் அருகே வந்தது. லயத்தில் குடியிருப்பவன் சட்டக்கண்ணில் வாடகைக் குடியன்று. தோட்டத்தின் 'லைசன்ஸ்' கொண்டு தங்கியிருப்பவன். வேலை போனால் அந்த அனுமதியும் போகும். பின் அவன் தான் பிறந்த அறையிலேயே அத்துமீறி நுழைந்தவனாவான். குற்றவியல் அத்துமீறல் பற்றிய தண்டனைக்கோவைப் பிரிவைத் தோட்ட நிருவாகங்கள் இதற்காகவே நாடின. இத்தகைய குடியிருப்பு வழக்கொன்று இலண்டன் கோமறைக் கழகம்வரை சென்றது. 1950இல் தீர்க்கப்பட்ட செல்வநாயகம் வழக்கு அது (தமிழரசுத் தலைவர் அல்லர் இவர்). தனக்கு உரிமையுண்டு என நேர்மையாக நம்பி ஒருவன் நிலத்தில் இருப்பானாயின், அவ்வுரிமை சட்டப்படி எவ்வளவு ஆதாரமற்றதாயினும், உடைமையாளருக்குத் தொந்தரவு விளையும் என அவன் அறிந்திருப்பது மட்டும் கொண்டு அவனைக் குற்றவாளியாக்க முடியாது என்பது அதன் சாரம். அனுமதி தீர்ந்த பின்னும் ஒன்று எஞ்சுகின்றது. அது உரிமைக் கோரிக்கை. நீதிபதிகள் அதனை ஏற்றனரல்லர். கோருவதைக் குற்றமாகக் கொள்ளவில்லை, அவ்வளவே. நீதிமன்றக் கட்டளையின்றித் தோட்டக் குடியிருப்பிலிருந்து ஒருவரை வெளியேற்றலாகாது என்ற சட்டம் வருவதற்கு மேலும் இருபது ஆண்டுகள் கழிந்தன.

வெளியேற்றத் தடை வந்தது, காணியுறுதி வரவில்லை. 2014 ஒக்டோபர் 29 காலை, கொஸ்லந்தை மீரியபெத்தையில் மலை சரிந்து லயங்களை மூடியது. அவ்விடம் ஆபத்தானதென தேசிய கட்டிட ஆராய்ச்சி நிறுவனம் 2005இலும் 2011இலும் எச்சரித்திருந்தது. தாமாகவே எழுந்து பாதுகாப்பான அயல்மேட்டிற் குடிசை போட்டுக்கொள்ள அம்மக்களுக்கு முடியாதிருந்தது. அந்த மேடும் தோட்டத்தின் மேடே. அங்கு ஒரு கல்லை நடுவதும் அவர்களுக்கு ஆகுமானதன்று.